கினு

காட்பாடி மேம்பாலத்துக்குப் பக்கத்தில்
பிளைவுட் கடைக்கு மேலே, இரண்டாம் மாடியில்
எங்கள் ஆய்வகம்.
ஒரு வினைச்சொல் எத்தனை நொடியை நகர்த்துகிறது என்று
அளப்பார்கள்.
பதிவேடு எழுதுவது நான்.
மூன்று மாதச் சம்பளம் இன்னும் எதிர்காலத்தில் இருக்கிறது.

'வந்தான்' என்றால் மேசைக் கடிகாரம்
கால் நொடி பின்வாங்கும்.
'வருவான்' என்றால் முன்னால் தாவும், கொஞ்சம் கூச்சத்தோடு.
'வருகின்றான்' நிறைய இடம் அடைக்கும்,
ஒன்றும் செய்யாது,
திறப்பு விழாவுக்கு வந்த பெரிய மனிதர் மாதிரி.

வினைத்தொகையைக் கண்ணாடிக் கூண்டுக்குள்தான் உச்சரிப்போம்.
முக்காலமும் உள்ளே சுருண்டு கிடப்பது அது.
ஒருநாள் மகிமைதாஸ் டிபன் பாக்ஸ் முன்னால்
'ஊறுகாய்' என்று வாய்தவறிவிட்டான்.
மூடியைத் திறந்தால்
மாம்பூவும் பிஞ்சும் பூஞ்சையும் ஒன்றாக.
பாலாற்றுப் பாலத்தடியில் நின்று
'வருபுனல்' என்றும் சொல்லிப் பார்த்தோம்.
மணல் லாரி வந்தது.

'இல்லை'க்குக் காலமே கிடையாது.
அதை இங்கே சொல்லத் தடை.
டீ தீர்ந்துவிட்டால் கையை ஆட்டுவோம்.

கத்திரி வெயில் தொடங்கிய வாரம்
முனைவர் தஹ்சீன் ஒரு பெண்ணைக் கூட்டிவந்தார்.
சம்பங்கி. ராணிப்பேட்டைப் பக்கம்.
கணவன் கஜபதி, தோல் ஷாப்பின் கழிவுத் தொட்டிக்குள்
இறங்கி எட்டு மாதம்.
(இந்த வரியை வினைமுற்று வைக்காமல் முடித்திருக்கிறேன்.
தொழில் பழக்கம்.)

மைக்கை அவள் பக்கம் திருப்பினோம்.
'வீட்டுக்காரரைப் பத்தி ஏதாவது சொல்லும்மா.'
'அவுரா? தொட்டிக்குள்ள எறங்கிக்கினு கீறாரு.'

கடிகாரம் நின்றது.
விசிறியின் மூன்று இறக்கையும்
தனித்தனியாகத் தெரிந்தன, ஒன்றில் ஒட்டடை.
ஸ்டேஷனுக்குள் நுழையும் வண்டியின் ஊதல்
கொடியில் போட்ட ஈர லுங்கிபோல
ஒரே இடத்தில் தொங்கியது.
பதினொரு நொடி.

எட்டு வருடம் செந்தமிழில் சலித்துத் தேடியது
எங்கள் ஊர்ப் பேச்சில் கிடந்திருக்கிறது.
ஏழாம் வகுப்பில் அந்தக் கினுவுக்காகத்தான்
என் புறங்கையில் ஸ்கேலால் அடி விழுந்தது.

தஹ்சீனுக்கு விரல் நடுங்கியது.
கருவியைச் சரிபார்க்க எதிர்ப்பதிவு வேண்டும்.
'ஒரே ஒரு தடவை இறந்த காலத்தில் சொல்லும்மா.'
அந்த இலக்கணப் பெயருக்குள்ளேயே
பிணம் இருப்பது அன்றைக்குத்தான் எனக்கு உறைத்தது.
அவளுக்கு இலக்கணம் தெரியாது.
முதல் பாதி மட்டும் காதில் விழுந்தது.

'கலெக்டர் ஆபீஸ்லயும் இதத்தான் கேட்டாங்கோ.
பாரத்துல ஒன்பதாவது கட்டம்.
நான் ரொப்பல.
ரொப்பிட்டா பணம் வருமாம்.
பணம் வந்தா மொதலாளி தொட்டிய மூடிப்புடுவாரு.
மூடட்டும் சார்.
அவுரு மேல வந்தப்புறமா மூடட்டும்.'

யாரும் பேசவில்லை.
தஹ்சீன் சுவிட்சை அணைத்துவிட்டு
சேலைத் தலைப்பால் கண்ணாடியைத் துடைத்தார்,
வெகுநேரம் துடைத்தார்.
பிறகு என்னிடம், பதிவேட்டைப் பார்க்காமலே:
'தொட்டி எத்தனை அடி?'
பதினேழு என்றாள் சம்பங்கி.
'பதினொரு நொடியில் ஒரு கயிறு
பதினேழு அடி இறங்குமா?'

இறங்கும்.
அவன் பிடிக்க வேண்டும். இழுக்க இன்னும் நொடிகள் வேண்டும்.
அவள் திரும்பத் திரும்பச் சொல்ல வேண்டும்,
மூச்சு வாங்காமல்.
எட்டு மாதத்தை ஒரு விகுதி தாங்குமா
என்பதற்கு அட்டவணை எங்களிடம் கிடையாது.

சோதனை எண் 212.
முடிவு என்ற இடத்தைக் காலியாக விட்டிருக்கிறேன்.
விடிகாலை ராணிப்பேட்டைக்கு முதல் பஸ்.
பேட்டரி, மைக், ஒரு பெண்ணின் வாய்.
கீழே கடையில் மகிமைதாஸ்
நாற்பதடி நைலான் கயிறு
வாங்கிக்கினு கீறான்.